செட்டைக் கோடியால் அளக்காதீர்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

உங்கள் சினிமா பக்கத்தில் செட் பற்றி வரும் செய்திகளில் எத்தனை கோடி, எத்தனை ஏக்கர் என்ற இரண்டும் தவறாமல் இருக்கின்றன. விமர்சனத்திலோ 'கலை இயக்கம் கச்சிதம்' என்பதோடு சரி. படத்தில் வரும் இடங்களின் தோற்றத்தைத் தீர்மானிக்கும் தயாரிப்பு வடிவமைப்பாளரின் வேலை எங்கே தேறுகிறது, எங்கே கெடுகிறது என்பதையும் வாசகர்களுக்குச் சொல்லலாமே.

முதல் கணக்கு லென்ஸ். சூப்பர் 35 சென்சாரில் (சினிமா கேமராவில் படம் பதியும் பரப்பின் ஓர் அளவு) 25 மி.மீ. லென்ஸ் போட்டு, சுவரிலிருந்து 15 அடி தள்ளி கேமராவை வைத்தால் ஏறத்தாழ 15 அடி அகலம் தெரியும். 50 மி.மீ. என்றால் அதில் பாதி. 25 மி.மீ. லென்ஸில், அகலத் திரைக்கான சினிமாஸ்கோப் அளவில் தெரியும் உயரம் ஆறேகால் அடிதான். கண் மட்டத்தில் நேராகப் பார்க்கும்வரை 10 அடிச் சுவர் தாராளம். அதே கேமராவைத் தரையிலிருந்து ஒரு அடியில் வைத்து 20 டிகிரி அண்ணாத்தினால் சுவர் தீர்ந்து, மேலே விளக்கு கட்டிய சாரம் எட்டிப் பார்க்கும். அப்போது கூரை வேண்டும். கூரை போட்டால் மேலிருந்து ஒளி இறங்காது. ஒளிப்பதிவாளரிடம் பேசி ஜன்னலை இடம் மாற்ற வேண்டும். 12 அடி அறையில் கேமரா பின்வாங்க இடம் இருக்காது என்பதால், எந்தச் சுவர் கழற்றி மாட்டுவது என்றும் முடிவாக வேண்டும். அடிக்குக் கால் அங்குலம் என்று போடும் வரைபடத்திலேயே இவை தீர வேண்டும். ஆணி அடித்த பிறகு தெரிந்தால் ஒருநாள் படப்பிடிப்பு போய்விடும்.

அடுத்தது மேற்பரப்பு. 20 அடி நீளம், 10 அடி உயரச் சுவருக்கு 8-க்கு 4 ப்ளைவுட் ஏழு ஷீட், பின்னால் ரீப்பர் (மெல்லிய மரக்கட்டை) சட்டம். இணைப்புகளில் துணி ஒட்டிப் பட்டி பார்க்காவிட்டால், பக்கவாட்டில் ஒளி விழுந்ததும் நாலடிக்கு ஒரு கோடு தெரியும். பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் காயுமுன் பெயின்ட் ஏறினால் திட்டுத் திட்டாக நிற்கும். பணம் குறைந்து கெட்ட செட்டைவிட, காய நேரமில்லாமல் கெட்ட செட்டுகளே அதிகம் என்பது எங்கள் கருத்து.

பழசாக்குவதிலும் அப்படித்தான். வீட்டில் அழுக்கு ஒரே சீராகப் படிவதில்லை. ஸ்விட்ச் போர்டைச் சுற்றியும், கதவில் கைபடும் உயரத்திலும், திண்ணையில் முதுகு சாயும் இடத்திலும் படியும். விளக்கு மாடத்துக்கு மேலே புகை, வெளிச்சுவரின் அடியில் மழைத் தெறிப்பு. ஸ்ப்ரே கன்னால் சுவர் முழுக்கப் பழுப்பு அடித்தால் அங்கே யாரும் வாழ்ந்ததாகத் தோன்றாது. 'நாயகன்' (1987) படத்துக்காகத் தாராவியைச் சென்னையில் எழுப்பித் தேசிய விருது பெற்றவர் தோட்டா தரணி. அந்தச் சுவர்களை உங்கள் விமர்சகர்கள் இன்னொரு முறை உற்றுப் பார்க்கட்டும்.

காலம் காட்டும் படங்களில் பலகை எழுத்தே காட்டிக் கொடுத்துவிடும். 1965-ல் நடக்கும் கதையில் 'விற்பனை நிலையம்' என்று இன்றைய எழுத்தில் பலகை மாட்டுகிறார்கள். 1978-ல் அரசு சீர்திருத்த எழுத்தை ஏற்கும்வரை, 'னை'யும் 'லை'யும் யானைத் துதிக்கை போன்ற வளைவு வைத்த பழைய வடிவத்தில்தான் பெரும்பாலும் எழுதப்பட்டன. பெரியாரோ தம் இதழ்களில் 1935-லேயே புதிய வடிவத்துக்கு மாறிவிட்டார். ஆகவே, சுவரில் ஒட்டியிருக்கும் தாள் யாருடையது என்றும் விசாரிக்க வேண்டும். 1989-க்கு முந்தைய கதையில் 'டி.என். 01' என்பது போன்ற வண்டி எண்ணும் வரக்கூடாது.

இந்தத் தொழிலுக்கு வர நினைக்கும் பிள்ளைகள் ஓவியத்தோடு அளவுநாடாவையும் பழக வேண்டும். உதவியாளராகச் சேர்ந்தால் முதலில் கைக்கு வருவது லொகேஷனை அளந்து வரும் வேலைதான்.

இனி செட் பற்றிச் செய்தி போடும்போது, செட் தயாரிப்புக்கு எத்தனை வாரம் கொடுத்தார்கள் என்று கேளுங்கள். வரைபடத்தைப் புகைப்படத்தோடு சேர்த்து வெளியிடுங்கள். தச்சர், அச்சு வார்க்கும் மோல்டர், பெயின்டர் ஆகியோருக்குத் தலைமை தாங்கியவர்களின் பெயர்களையும் போடுங்கள்.

இப்படிக்கு,
கலைத்துறையில் பணிபுரியும் வாசகர்கள்,
சாலிகிராமம், சென்னை.