பீன்ஸும் சீஸும் நடுவில் தண்ணீரும்

அன்புள்ள சுந்தரம்,

உன் கடிதம் வந்து சேர்ந்தது. முழங்கால் வலி, மாப்பிள்ளையின் வேலை மாற்றம், வர்ணம் அடிக்க வந்த ஆள் பாதிச் சுவரோடு காணாமல் போனது எல்லாவற்றையும் விலாவாரியாக எழுதிவிட்டு, உண்மையான சேதியைக் கடைசிப் பக்கத்தின் ஓரத்தில் நெருக்கி எழுதியிருக்கிறாய். பீன்ஸில் சீஸ் போட்டு ஓவனில் வைத்தாயாம். எடுத்துப் பார்த்தால் அடியில் குளம் கட்டி நிற்கிறதாம், மேலே எண்ணெய் மிதக்கிறதாம், பேத்தி கரண்டியால் கிளறிப் பார்த்துவிட்டு "இது சூப்பா தாத்தா?" என்று கேட்டாளாம். நான் சிரித்த சிரிப்பில் அடுத்த அறையிலிருந்து கமலா எட்டிப் பார்த்தாள். கோபித்துக்கொள்ளாதே. ஆயுள் முழுக்க அடுத்தவர் கணக்கில் பிழை பிடித்த மனிதன், அடுப்படியில் மட்டும் கை போன போக்கில் அள்ளிப் போடுகிறாய் என்பது வேடிக்கையாக இருந்தது.

எந்தச் சீஸ் வாங்க வேண்டும் என்று கேட்டிருக்கிறாய். அதைப் பிறகு பார்க்கலாம். முதலில் தண்ணீர். பீன்ஸில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர்தான். காளானும் அப்படியே, வெங்காயமும் சளைத்ததல்ல. இவற்றை அரைகுறையாகப் பாத்திரத்தில் போட்டு மேலே சாஸை ஊற்றிவிட்டால், ஓவன் சூட்டில் உள்ளே இருப்பதெல்லாம் கசிந்து வரும். சாஸும் சீஸும் மேலே மூடியிருப்பதால் அந்த நீர் ஆவியாகவும் வழியில்லை. அங்கேயே நிற்கும். உன் குளம் அப்படி வந்ததுதான். அதைச் சீஸால் அடைக்க முடியாது. ஓவனுக்குள் போவதற்கு முன்பே தண்ணீரை வெளியேற்றிவிட வேண்டும். இந்தப் பண்டத்தில் சாமர்த்தியம் என்று ஒன்று இருந்தால் அது இவ்வளவுதான். மீதியெல்லாம் ருசி அவரவர் விருப்பம்.

அரைக் கிலோ பீன்ஸ் எடுத்துக்கொள். நான்கு பேருக்குத் தாராளமாக வரும். இளசாக இருக்கட்டும், வளைத்தால் டக்கென்று ஒடிய வேண்டும். ஒடியாமல் வளைந்துகொடுக்கிற காயை வாங்காதே. சிறுவயதில் பீன்ஸ் ஆய உட்கார்ந்தால் நார் உரித்தே விரல் ஓய்ந்துபோகும், ஞாபகம் இருக்கிறதா? இப்போதைய காய்களில் பெரும்பாலும் அந்தத் தொல்லை இல்லை. அமெரிக்காவில் நியூயார்க் மாநிலத்து லீ ராய் ஊர்க்காரர் கால்வின் கீனி, 1894இல் நாரில்லாத ரகம் ஒன்றை உருவாக்கிய பிறகு வந்த மாற்றம் இது. எவ்வளவு பேருடைய பிற்பகல் பொழுதை அந்த மனிதர் மிச்சப்படுத்திக் கொடுத்திருக்கிறார் என்று நினைத்துப் பார். காம்பை மட்டும் கிள்ளிவிட்டு, விரல் நீளத்தில் பாதியாக நறுக்கு. பொடியாக நறுக்காதே, நறுக்கிய ஒவ்வொரு முனையிலும் நீர் கசியும்.

பெரிய பாத்திரத்தில் நிறையத் தண்ணீர் வைத்து, உப்புப் போட்டு, தளதளவென்று கொதித்த பிறகே காயைப் போடு. மூடாதே. மூடி போட்டால் சீக்கிரம் வேகும் என்று நீ வாதிடுவாய், தெரியும். வேகும்போது காயிலிருந்து அமிலம் வெளிப்படும். அது பச்சையத்தின் நடுவே இருக்கிற மெக்னீசியத்தைப் பிடுங்கி எறிந்துவிடும். பளிச்சென்று இருந்த காய் பாசி நிறமாகிவிடும். திறந்து வைத்தால் அந்த அமிலத்தில் ஒரு பங்கு ஆவியோடு போய்விடும். தண்ணீர் நிறைய வைக்கச் சொல்வதும் இதற்காகத்தான். சிலர் பச்சை நிறத்துக்காகச் சோடா உப்புப் போடுவார்கள். நிறம் நிற்கும், காய் கூழாகிவிடும். வேண்டாம்.

நிறத்தைப் பற்றி இவ்வளவு எழுதுகிறேனே என்று பார்க்காதே. என் கண் அறுவை நல்லபடியாக முடிந்துவிட்டது. புரை எடுத்த பிறகு எதைப் பார்த்தாலும் புதிதாகக் கழுவி வைத்தது போல் தெரிகிறது. இத்தனை காலம் எல்லாவற்றையும் மங்கிய மஞ்சளுக்குள் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன். அது மெல்ல மெல்ல வந்ததால் எனக்கே தெரியவில்லை. கொதிநீரில் விழுந்த அரை நிமிடத்தில் பீன்ஸ் சட்டென்று ஒரு பச்சைக்கு மாறுமே, அதை இப்போது அடுப்பருகில் நின்று வேடிக்கை பார்க்கிறேன். கமலாவுக்கு இது பெரிய கேலி.

நான்கைந்து நிமிடத்தில் ஒன்றை எடுத்துக் கடித்துப் பார். பல்லில் கிறீச்சென்றால் இன்னும் ஒரு நிமிடம். குழையவும் கூடாது. பதம் வந்ததும் வடித்து ஐஸ் தண்ணீரில் கொட்டு. நன்றாக ஆறியதும் மறுபடி வடித்து, கெட்டித் துணியில் ஒன்றன்மேல் ஒன்று விழாமல் பரப்பி, இன்னொரு துணியால் ஒற்றி எடு. கால் மணி நேரமாவது அப்படியே கிடக்கட்டும். நீ இந்த இடத்தைத்தான் தாண்டிக் குதித்திருப்பாய் என்று பந்தயம் கட்டுவேன். வடிதட்டில் வடித்தால் போதும் என்று நினைப்பவர்கள் காயை ஒரு தடவை துணியில் ஒற்றிப் பார்க்க வேண்டும். துணி நனைந்து கனத்துவிடும். அத்தனையும் சாஸுக்குள் போயிருக்க வேண்டிய தண்ணீர்.

உறைந்த பீன்ஸ் வாங்கினால் வேகவைக்க வேண்டாம். ஆலையிலேயே ஒரு கொதி கொடுத்துத்தான் உறைய வைக்கிறார்கள். பனி முழுக்க விடட்டும், துணியில் சுற்றி நன்றாகப் பிழிந்துவிடு. டின்னில் வருவது ஏற்கெனவே குழைந்தது. அவசரத்துக்குச் சரி, அவ்வளவுதான்.

காளான் பிடிக்கும் என்றால் இருநூறு கிராம் சேர். ஆனால் தனியாக வதக்கு. அகன்ற வாணலி, நல்ல தீ, கொஞ்சம் வெண்ணெய், நறுக்கிய வெங்காயம் ஒன்று. முதலில் காளான் தண்ணீர் விட்டுக்கொண்டு சளசளக்கும். அந்த நேரத்தில் அடுப்பை அணைக்கக் கூடாது. நீர் வற்ற வற்றச் சத்தம் மாறும். சளசளப்பு அடங்கி, சுருசுருவென்று வறுபடுகிற ஓசை வரும். ஓரங்கள் சிவக்கும்வரை விடு. உப்பைக் கடைசியில் போடு. காது கொடுத்துக் கேட்டுக்கொண்டே செய்கிற வேலை இது. உன் கைக்கடிகாரம் இதற்கு உதவாது.

இனி வெள்ளை சாஸ். 40 கிராம் வெண்ணெய் உருகியதும் 30 கிராம் மைதாவைப் போட்டு, சிறு தீயில் இரண்டு நிமிடம் பச்சை வாசனை போகக் கிளறு. சிவக்க விடாதே. 350 மில்லி பாலை ஒரேயடியாகக் கொட்டாமல் முதலில் ஒரு கரண்டி விட்டுக் குழை, பிறகு இன்னொரு கரண்டி. ஆரம்பத்தில் திரண்டு உருண்டையாக நிற்கும். பயப்படாதே, விட விட இளகிவிடும். எல்லாப் பாலும் சேர்ந்த பிறகு கைவிடாமல் கிளறி ஒரு கொதி வர விடு. மாவு முழுதாகக் கெட்டிப்படுவது அந்தக் கொதியில்தான்; அதற்கு முன்பே இறக்கிவிட்டால் நீர்க்க இருக்கும். கரண்டியின் முதுகில் விரலால் கோடு இழுத்தால் கோடு மூடிக்கொள்ளாமல் நிற்க வேண்டும். மிளகுத்தூள், ஒரு சிட்டிகை ஜாதிக்காய்த்தூள். உப்பு இப்போது வேண்டாம்; சீஸ் சேர்ந்த பிறகு ருசி பார்த்துப் போடு.

இப்போது உன் எண்ணெய்க்கு வருகிறேன். சீஸ் கோபக்காரச் சம்பந்தி மாதிரி. சூடு ஏறினால் பிரிந்துபோய்விடும். அதிலுள்ள புரதம் மிஞ்சிய சூட்டில் சுருங்கும், சுருங்கும்போது தனக்குள் இருக்கும் கொழுப்பைப் பிழிந்து வெளியே தள்ளும். நீ கொதிக்கிற சாஸில் சீஸைப் போட்டு, மேலும் கொதிக்க விட்டிருப்பாய். பாத்திரத்தை அடுப்பிலிருந்து இறக்கு, ஒரு நிமிடம் பொறு, துருவிய சீஸைப் பிடிபிடியாகத் தூவிக் கிளறு. ஒரு பிடி கரைந்த பிறகு அடுத்த பிடி. சாஸில் இருக்கும் மாவும் கொழுப்பைப் பிரியாமல் பிடித்து வைக்க உதவும். அதனால்தான் வெறும் சீஸை உருக்கி ஊற்றுவதைவிட இந்த வழி பத்திரமானது.

எந்தச் சீஸ் என்றால், சாஸுக்கு 100 கிராம் செடார். ரொம்பப் பழுத்த செடார் ருசியில் உசத்தி, ஆனால் எண்ணெய் விடுவதிலும் அதுதான் முந்தும், நடுத்தரமானது போதும். மேலே தூவ மொசரெல்லா ஒரு பிடி. இழுபடும், சிவக்கும், தனக்கென்று பெரிய ருசி கிடையாது. பிராசஸ்டு சீஸ் போடலாமா என்றும் கேட்டிருந்தாய். அதில் கொழுப்பையும் நீரையும் பிரியாமல் சேர்த்துவைக்கும் உப்புகள் சேர்த்திருப்பதால் சூட்டில் எளிதில் பிரியாது. எனக்கு அதன் வழவழப்பு பிடிக்கவில்லை. ஆனால் ஒரு துண்டை மட்டும் செடாரோடு சேர்த்துப் போட்டால் அது மற்றதையும் பிரியாமல் காக்கும். இந்தத் தந்திரத்தை மறைக்காமல் சொல்கிறேன். துருவி பாக்கெட்டில் விற்பதை வாங்காதே; ஒட்டிக்கொள்ளாமல் இருக்க அதன்மேல் மாவுப்பொடி தூவியிருப்பார்கள், சாஸில் சரியாகக் கரையாது. கட்டியாக வாங்கித் துருவு. முழங்கால்தானே வலிக்கிறது, கைக்கு என்ன?

இதற்கெல்லாம் பதிலாக டின் காளான் சூப்பை ஊற்றிவிடலாமே என்று உன் மகள் சொன்னதாக எழுதியிருந்தாய். அவள் சொன்னதற்கு வரலாறே இருக்கிறது. 1955இல் காம்ப்பெல் சூப் நிறுவனத்தின் சமையல் கூடத்தில் டார்க்கஸ் ரெய்லி என்ற பெண்மணி, எந்த வீட்டு அலமாரியிலும் எப்போதும் இருக்கிற பொருள்களை மட்டும் வைத்து ஒரு பீன்ஸ் பண்டம் செய்தார். பீன்ஸ், காளான் சூப், பால், சோயா சாஸ், மிளகுத்தூள், மேலே வறுத்த வெங்காயம். சீஸ் கிடையாது. அமெரிக்காவில் நன்றி தெரிவிக்கும் நாள் விருந்தில் அது இன்றைக்கும் இடம்பெறுகிறது. 2002இல் அந்தச் செய்முறை அட்டையை அங்குள்ள கண்டுபிடிப்பாளர் புகழரங்கத்துக்கே கொடுத்தார்கள். டின் சூப்பை நான் ஏளனம் செய்ய மாட்டேன். அது ஏற்கெனவே கெட்டியாக்கிய சாஸ்தான், திரியும் பயமில்லை. ஆனால் உப்பு அதிகம். சீஸும் சேர்ந்தால் நம் நடராஜன் ஒரு வாய்கூட வைக்க முடியாது. ரத்த அழுத்தம் என்று மருத்துவர் அவனுக்கு உப்பைக் குறைத்துவிட்டார். போன வாரம் வந்திருந்தான். ஊறுகாய் ஜாடியையே பார்த்துக்கொண்டிருந்தான், பாவம்.

மீதி சுலபம். சாஸில் காயையும் காளானையும் புரட்டு. சாஸ் காயைப் போர்த்தியிருக்க வேண்டும், காய் சாஸில் நீந்தக் கூடாது. ஆழமில்லாத அகலப் பாத்திரத்தில் பரப்பு. உருக்கிய வெண்ணெயில் பிசறிய பிரெட் தூளும் மொசரெல்லாவும் மேலே. ஓவனை முன்னதாகவே 190 டிகிரிக்குச் சூடாக்கிவிடு. 20 முதல் 25 நிமிடம். எல்லாம் உள்ளே ஏற்கெனவே வெந்ததுதான். ஓரங்களில் கொப்புளம் விட்டு, மேல்புறம் பொன்னிறமானால் எடுத்துவிடலாம். இன்னும் கொஞ்சம் இருக்கட்டும் என்று விட்டாயானால் மறுபடியும் எண்ணெய்தான். எடுத்த உடனே பரிமாறாதே. பத்து நிமிடம் ஆறினால் சாஸ் இறுகிக் கரண்டியில் நிற்கும். எலுமிச்சை பிழிவதென்றால் தட்டில் பிழி, பாத்திரத்தில் வேண்டாம். பச்சையம் என்ன ஆகும் என்று மேலே எழுதியிருக்கிறேன்.

விருந்துக்கு முதல் நாளே செய்து வைக்கலாமா என்றால், பிரெட் தூளைத் தவிர மற்றதைச் செய்து, ஆறவைத்து, மூடிக் குளிர்சாதனப் பெட்டியில் வைக்கலாம். தூளைச் சுடப் போகும்போதுதான் போட வேண்டும். குளிர்ந்த பாத்திரம் என்பதால் பத்து நிமிடம் கூடப் பிடிக்கும். கண்ணாடிப் பாத்திரமானால் பெட்டியிலிருந்து எடுத்துச் சூடான ஓவனில் நேராக வைக்காதே, விரிசல் விட்டுவிடும். கொஞ்ச நேரம் வெளியே இருக்கட்டும்.

இந்த வயதில் சமையல் கற்று என்ன ஆகப் போகிறது என்று ஒரு வரி எழுதியிருந்தாய். என்ன ஆக வேண்டும்? மத்தியானம் சாப்பிட வேண்டும், அவ்வளவுதானே. தங்கை சரோஜா, மகள் வீட்டிலிருந்து திரும்பி வரும்போது உனக்கு ஒரு பண்டமாவது ஒழுங்காக வந்திருந்தால், அடுப்படியில் உனக்கும் ஒரு மூலை கிடைக்கும். அவளுக்கு என் விசாரிப்பைச் சொல். மாப்பிள்ளை புது வேலையில் சேர்ந்ததும் எழுது. வர்ணக்காரன் கிடைத்தானா?

அடுத்த முறை செய்யும்போது காயை ஒற்றிய துணியை எடை போட்டுப் பார்த்து, எத்தனை கிராம் தண்ணீர் என்று எனக்குக் கணக்கு அனுப்பு. அதில் நீ பிசக மாட்டாய்.

அன்புடன்,
ராகவன்