கிளேர் என்பது ஒரே தொகுதி அல்ல

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

அன்று பிரிட்டிஷ் நாடாளுமன்றத்துக்கு உறுப்பினர் அனுப்பிய அயர்லாந்தின் கிளேர் தொகுதியைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரை, 1828-இல் கத்தோலிக்கர் உரிமைக்காகப் போராடிய டேனியல் ஓகானல் வாங்கிய 2,057 வாக்குகளையும் 1917-இல் சின் ஃபெயின் என்ற அயர்லாந்து விடுதலைக் கட்சியின் ஏமன் டி வலேரா வாங்கிய 5,010 வாக்குகளையும் அருகருகே வைத்து, அதே தொகுதியில் ஆதரவு இரண்டரை மடங்கு பெருகிவிட்டதாக முடிவு கட்டுகிறது. எண்கள் இரண்டும் சரியானவை. ஆனால் அவை ஒரே தொகுதியின் எண்கள் அல்ல.

1801 முதல் 1885 வரை கிளேர் மாவட்டம் முழுவதும் ஒரே தொகுதி; அதற்கு இரண்டு உறுப்பினர்கள். மாவட்டத் தலைநகரான என்னிஸுக்குத் தனியாக ஓர் இடம் உண்டு. 1885 மறுசீரமைப்பில் என்னிஸ் தொகுதி ஒழிந்து, மாவட்டம் கிழக்கு கிளேர், மேற்கு கிளேர் என்று இரண்டானது. தொகுதிக்கு ஓர் உறுப்பினர். ஓகானல் நின்றது முழு மாவட்டத்தில், டி வலேரா நின்றது அதன் கிழக்குப் பாதியில். அதோடு, 1841 கணக்கெடுப்பில் ஏறத்தாழ 2,86,000 ஆக இருந்த கிளேரின் மக்கள்தொகை, பஞ்சமும் கப்பலேற்றமும் போக 1911-இல் சுமார் 1,04,000 ஆகிவிட்டது. ஆள் குறைந்து, பரப்பும் பாதியான பிறகு வாக்கு எப்படிக் கூடியது? வாக்குரிமைச் சட்டம் மாறியதால்தான். அதைக் கட்டுரை தொடவே இல்லை.

1828-இல் நடந்தது இடைத்தேர்தல். கிளேர் உறுப்பினர் வீஸி ஃபிட்ஜெரால்டைப் பிரதமர் வெலிங்டன் தம் அமைச்சரவையில் வாணிப வாரியத் தலைவராகச் சேர்த்துக்கொண்டார். அந்தக் காலத்து விதிப்படி, அமைச்சர் பதவி ஏற்பவர் உறுப்பினர் இடத்தைக் காலி செய்து மறுபடியும் தொகுதிக்குப் போய் ஜெயித்து வர வேண்டும். பெரும்பாலும் அது வெறும் சடங்கு, எதிர்த்து யாரும் நிற்க மாட்டார்கள். பழைய தேர்தல் பட்டியல்களில் ஒரே பெயர் சில மாத இடைவெளியில் இரண்டு முறை வருவதற்கும் பல நேரம் இதுதான் காரணம். ஃபிட்ஜெரால்டு கத்தோலிக்கர்களுக்கு உரிமை தர வேண்டும் என்று பேசியவர், தொகுதியில் நல்ல பெயரும் உள்ளவர். கொடுமைக்கார நிலக்கிழாரை மக்கள் விரட்டியடித்தது போலக் கட்டுரையில் வருகிற சித்திரம் அவருக்குப் பொருந்தாது.

வாக்களித்தவர்கள் யார்? பெரும்பாலோர் நாற்பது ஷில்லிங் வாக்காளர்கள். நாற்பது ஷில்லிங் என்றால் இரண்டு பவுன். குத்தகைப் பணம் போக ஆண்டுக்கு அந்த அளவு மதிப்பு தேறும் நிலத்தை ஆயுள் குத்தகையாக வைத்திருப்பதாகச் சத்தியம் செய்தவருக்கு வாக்கு உண்டு. ஆயுள் குத்தகை என்பது, பத்திரத்தில் பெயர் எழுதப்பட்ட ஆட்களில், பல நேரம் மூன்று பேரில், கடைசி ஆள் சாகும்வரை செல்லும் குத்தகை. 1793-இல் கத்தோலிக்கர்களுக்கு வாக்குரிமை வந்த பிறகு, நிலக்கிழார்களே நிலத்தைத் துண்டு போட்டு இப்படிப்பட்ட குத்தகைகளை எழுதித் தந்தார்கள். குடியானவன் வாக்கு கிழார் சொல்லும் பக்கம் விழும் என்ற கணக்கு. வாக்குப்பதிவும் அதற்குத் தோதாகவே இருந்தது. முழு மாவட்டத்துக்கும் என்னிஸ் நகரில்தான் வாக்குப்பதிவு. வாக்காளர் முன்னே வந்து, பெயரையும் நிலத்தையும் சொல்லி, யாருக்கு வாக்கு என்பதை எல்லோர் காதிலும் விழச் சொல்ல வேண்டும். எழுத்தர் அதைப் பதிவேட்டில் எழுதுவார். கிழாரின் காரியஸ்தர் அங்கேயே நிற்பார்.

இப்படிப் பார்த்தால்தான் 2,057 என்ற எண்ணின் கனம் தெரியும். ஒவ்வொன்றும் பெயர் போட்டு எழுதப்பட்ட மீறல். பங்குக் குருமார்கள் பங்கு பங்காக ஆட்களைத் திரட்டிக்கொண்டு என்னிஸுக்குள் வந்தார்கள். சாராயத்தைத் தொடக் கூடாது என்று கட்டுப்பாடு இருந்தது. கலவரம் என்ற பெயரில் தேர்தலை நிறுத்த இடம் கொடுத்துவிடக் கூடாதே. வாக்குப்பதிவு பல நாள் நடந்தது, ஃபிட்ஜெரால்டுக்கு 982. தோல்வி உறுதியான வேட்பாளர் ஒதுங்கிக்கொண்டால் பதிவேட்டை மூடிவிடும் காலம் அது. ஆகவே இந்த மொத்தத்தை வைத்து வாக்குப்பதிவு சதவீதம் போடுவதில் பொருளில்லை.

ஓகானலைப் பற்றிய “நாடாளுமன்றத்தில் அமர்ந்த முதல் கத்தோலிக்கர்” என்ற வரியையும் திருத்த வேண்டும். கத்தோலிக்கர் வேட்பாளராக நிற்பதை எந்தச் சட்டமும் தடுக்கவில்லை. தடை இருந்தது அவைக்குள், மேசையருகே எடுக்க வேண்டிய பிரமாணத்தில். திருப்பலியும் புனிதர் வணக்கமும் மூடநம்பிக்கை, விக்கிரக வழிபாடு என்று அங்கே வாயால் சொல்ல வேண்டும். 1829 ஏப்ரல் 13-இல் நிறைவேறிய சட்டம் கத்தோலிக்கர்களுக்குப் புதிய பிரமாணத்தைத் தந்தது, ஆனால் அதன் பிறகு தேர்வானவர்களுக்கு மட்டும். ஓகானல் முந்தைய ஆண்டே தேர்வானவர். மே மாதம் அவைக்கு வந்தவரிடம் பழைய பிரமாணத்தைத்தான் நீட்டினார்கள். வாங்கிப் படித்துவிட்டு, இதில் ஒரு செய்தி உண்மையல்ல என்று எனக்குத் தெரியும், ஒரு கருத்து உண்மையல்ல என்று நம்புகிறேன் என்று சொல்லி மறுத்துவிட்டார். இடம் காலியானதாக அறிவிக்கப்பட்டது. ஜூலை மாதம் அதே கிளேரில் போட்டியின்றித் தேர்வாகி, 1830 பிப்ரவரியில்தான் அவர் இருக்கையில் உட்கார்ந்தார். அதற்குள் இங்கிலாந்தின் ஹார்ஷம் தொகுதியிலிருந்து சர்ரே பிரபு என்ற கத்தோலிக்கர் அவைக்குள் போயிருந்தார்.

உரிமைச் சட்டத்தோடு சேர்த்து இன்னொரு சட்டமும் வந்தது. அயர்லாந்தின் மாவட்டத் தொகுதிகளில் வாக்குக்கான தகுதி இரண்டு பவுனிலிருந்து பத்துப் பவுனாக உயர்ந்தது. ஓகானலை ஜெயிக்க வைத்தவர்களில் பெரும்பாலோர் வாக்கை இழந்தார்கள். 1829 ஜூலையில் போட்டி இருந்திருந்தாலும் அவருக்கு மறுபடி வாக்களிக்க அவர்களால் முடிந்திருக்காது.

கட்டுரையோடு வந்த அட்டவணையிலும் ஒரு சிக்கல். 1885-க்கு முந்தைய பொதுத்தேர்தல்களில் ஒவ்வொருவருக்கும் இரண்டு வாக்கு. சிலர் இரண்டையும் போடுவார்கள், சிலர் தம் ஆளுக்கு ஒன்றை மட்டும் போட்டு மற்றதை விட்டுவிடுவார்கள். வேட்பாளர்களின் வாக்குகளைக் கூட்டினால் வாக்காளர் எண்ணிக்கை வராது, அதை இரண்டால் வகுத்தாலும் வராது. இடைத்தேர்தலில் நிரப்ப வேண்டிய இடம் ஒன்றே என்பதால் ஆளுக்கு ஒரு வாக்கு. அந்த வரிசைகளைத் தனியாகக் காட்ட வேண்டும்.

அட்டவணையில் 1830-இலும் 1879-இலும் வரும் ஓகார்மன் மாஹன் தந்தையும் மகனும் அல்ல, ஒரே மனிதர்! முதல் முறை தேர்தல் வழக்கில் பதவி பறிபோனது. நடுவில் என்னிஸ் உறுப்பினராக இருந்தார். ஏறத்தாழ எண்பது வயதில் கிளேருக்கே திரும்பி வந்தார்.

1852 ஜூலையில் சிக்ஸ்மைல்பிரிட்ஜ் ஊரில் வாக்காளர்களைப் பாதுகாப்போடு அழைத்துவந்த சிப்பாய்கள் கூட்டத்தை நோக்கிச் சுட்டதில் ஆறேழு பேர் இறந்ததைக் கட்டுரை விட்டுவிட்டது. வாய்விட்டுச் சொல்லும் வாக்குமுறையின் விலை அது. ரகசிய வாக்கு 1872-இல்தான் வந்தது.

இனி 1917. கிழக்கு கிளேரை 1892 முதல் வைத்திருந்த வில்லி ரெட்மண்ட், ஜூன் 7-ஆம் தேதி முதல் உலகப் போரின் மெசீன் சண்டையில் இறந்தார். ஜூலை 10-இல் இடைத்தேர்தல். டி வலேரா 5,010, பாட்ரிக் லிஞ்ச் 2,035. டி வலேராவுக்குச் சதவீதத்தில் 71. ஓகானலுக்குக் கிட்டத்தட்ட 68. ஒப்பிட்டுத்தான் ஆக வேண்டும் என்றால் இந்தச் சதவீதத்தை ஒப்பிடலாம், அதுவும் ஓரளவுக்கே. 1884 சட்டம் கிராமத்து வீட்டுக்காரர்களுக்கு வாக்குரிமை தந்து அயர்லாந்தின் வாக்காளர் எண்ணிக்கையை மூன்று மடங்குக்கும் மேல் ஆக்கியிருந்தது. ஆனாலும் 1917-இல் பெண்களுக்கு வாக்கில்லை, தனி வீடில்லாத இளைஞர்கள் பலருக்கும் இல்லை. “பெண்களின் வாக்கும் டி வலேராவுக்குக் கைகொடுத்தது” என்ற வரி ஓராண்டு முந்திக்கொண்டது. முப்பது வயதைக் கடந்த, தகுதியுள்ள பெண்களுக்கு வாக்கு வந்தது 1918 பிப்ரவரியில்.

அந்த ஆண்டு டிசம்பர் பொதுத்தேர்தலில் கிழக்கு கிளேருக்கு நேரே அட்டவணை “0” என்று காட்டுகிறது. கட்டுரையாளர் அதை மக்கள் புறக்கணிப்பு என்று படித்திருக்கிறார். கிழக்கிலும் மேற்கிலும் சின் ஃபெயின் வேட்பாளர்களை எதிர்த்து யாரும் நிற்கவில்லை, வாக்குப்பதிவே நடக்கவில்லை. 1921-இல் நான்கு உறுப்பினர்களுடன் கிளேர் மறுபடி ஒரே தொகுதியானபோதும் போட்டியில்லை. புதிதாக வாக்குப் பெற்ற பெண்கள் இந்த இரண்டு பொதுத்தேர்தல்களிலும் வாக்குச்சாவடிப் பக்கம் போக வேலையே இருக்கவில்லை. அடுத்த இதழில் திருத்தம் வெளியிட்டால், அந்தப் பூஜ்யத்தை எடுத்துவிட்டு “போட்டியின்றி” என்று போடுங்கள்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
மதுரை.