பெயர் அச்சாகாத கலைஞனும் கலைஞன்தான்

நலிந்த கலைஞர்களின் உதவித்தொகை மனுக்களைப் பரிசீலிக்கும் அதிகாரிகளுக்கு,

வணக்கம். மாதம் 3,000 ரூபாய் உதவித்தொகை கேட்டு எங்கள் ஊர்ப் பெரியவர் கொடுத்த மனு, போதிய ஆதாரம் இல்லை என்று திரும்பி வந்திருக்கிறது. அவர் கணியான் கூத்து என்ற எங்கள் நாட்டுப்புறக் கலையில் பெண் வேடம் கட்டி ஆடியவர். நெல்லைப் பக்கம் சுடலைமாடன் கோயில் கொடை விழாக்களில், மகுடம் என்ற தோல்வாத்தியத்தைத் தீயில் காட்டி அடிக்க ஆரம்பித்தால் விடிய விடிய ஆடுவார்.

கொடை நோட்டீஸ் எப்படி இருக்கும் என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. நன்கொடை கொடுத்தவர், பந்தல் போட்டவர், மைக் செட்காரர் என்று எல்லார் பெயரும் இருக்கும். கூத்துக்கு மட்டும் ‘இரவு கணியான் கூத்து நடைபெறும்’ என்று ஒற்றை வரி. மிஞ்சிப்போனால், பாட்டை நடத்தும் அண்ணாவி பெயர் வரும். ஆடுகிறவர் பெயரை யார் போட்டார்கள்? நோட்டீஸைக் கொண்டா, போட்டோவைக் கொண்டா என்றால் அவர் எங்கே போவார்? சலங்கை கட்டிக் கட்டிக் கணுக்காலில் ஏறிய காய்ப்பை, வேட்டியைத் தூக்கி அந்த அலுவலகத்தில் காட்டியிருக்கிறார். ஒரு கலைஞனை அந்த நிலைக்குக் கொண்டுவந்திருக்க வேண்டாம்.

2018இல் வந்த ‘பரியேறும் பெருமாள்’ படத்தில் அப்பாவாக நடித்த நெல்லை தங்கராஜை உங்களுக்கு நினைவிருக்கும். அந்த அப்பாவின் வேட்டியை உருவி ரோட்டில் ஓடவிடும் காட்சியில் கலங்காதவர் இல்லை. அந்த உடம்பும் குரலும் இந்த மண்ணின் தெருக்களில் பெண் வேடமிட்டு ஆடிப் பழகியவை. அவமானப்பட்ட பிறகும் மறுபடி வேடம் கட்டும் எங்கள் ஊர் ஆட்களின் வைராக்கியத்தை அவர் முகத்தில் பார்த்தோம். ஆனால் படம் வெளியாகிக் கைதட்டல் வாங்கிய பிறகும் அவர் சிதைந்த வீட்டில்தான் இருந்தார். விஷயம் வெளியே தெரிந்த பிறகே உதவி வந்தது. செய்தவர்களுக்கு நன்றி. 2023இல் அவர் போய்ச் சேர்ந்தார். சரி, எந்த இயக்குநர் கண்ணிலும் படாத மற்றவர்களுக்கு யார் இருக்கிறார்கள்?

ஊர்க் கோயில் கமிட்டியும் அண்ணாவியும் எழுதித் தரும் கடிதத்தை ஆதாரமாக ஏற்றுக்கொள்ளுங்கள். நாங்கள் கேட்பது இதுதான்.

அரசு விழா என்றால் நாட்டுப்புறக் கலைஞர்களை வாசலில் வெயிலில் ஆடவிடுகிறோம். விருந்தினர் கார் உள்ளே போனதும் ஆட்டம் முடிந்தது. மேடையில் அவர்களுக்கு நாற்காலிகூடக் கிடையாது. வரவேற்க அழைக்கும்போது யாரும் ஆதாரம் கேட்பதில்லை. வயதாகிக் கையேந்தும்போதுதான் கேட்கிறோம்.

கோபத்தில் ஏதாவது கூடுதலாகச் சொல்லியிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். கமிட்டி தரும் கடிதத்தில் சந்தேகம் இருந்தால் ஒரு அலுவலரைக் கொடைக்கு அனுப்புங்கள். பெரியவரின் ஆட்டத்தைப் பார்த்தவர்கள் தெருவுக்குத் தெரு இருக்கிறார்கள். ஊரின் சாட்சியை ஆதாரமாக ஏற்று, பெரியவரின் மனுவை மறுபடி எடுத்துப் பார்க்குமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
கணியான் கூத்து பார்த்து வளர்ந்த நெல்லைக்காரன்